ஏழாவது பேனா

புஷ்பவல்லிக்குக் கோபம் வந்தால் வாய் மூடிக்கொள்ளும், கை வேகமாகும். அந்தப் புதன்கிழமை காலையில் அவள் கை ஓடிய ஓட்டத்தைப் பார்த்து, மேசையைச் சுற்றி உட்கார்ந்திருந்த ஏழு பெண்களும் மூச்சுக் காட்டவில்லை. ஜெஸிந்தாவுக்கு மட்டும் அடங்காத வாய். ஈயம் பற்றவைக்கிற சால்டரிங் அயர்னை ஸ்டாண்டில் வைத்துவிட்டு மெல்லக் கேட்டாள்.

"ஏனுங்க்கா, கோவம் ஆரு மேலீங்க? ஈயத்து மேலயா, எஞ்சினீயரு மேலயா?"

"ரெண்டும் ஒண்ணுதான். சூடு பட்டாத்தான் உருகும்" என்றாள் புஷ்பவல்லி.

எஞ்சினீயர் தேவநேசன் பாளையங்கோட்டைக்காரர். நல்ல மனுஷர்தான், குறை சொல்லக் கூடாது. ஆனால் காலையில் வந்து நின்ற நிற்பில் சொன்னாரே ஒரு வார்த்தை! "ஏழாம் பகுதி செத்துப்போச்சும்மா. ரெண்டு தடவை ஏறிப் பாத்துட்டேன். வெளியில ஒண்ணும் தெரியல. சால்டர்லதான் கோளாறுன்னு நினைக்கேன்." அவர்கள் கட்டுகிற தொலைநோக்கியின் ஏழாம் பகுதியில் முக்கால்வாசி இணைப்புகள் புஷ்பவல்லி பற்றவைத்தவை. எட்டுப் பெண்களும் ஆளுக்கொரு நிறம் வைத்திருந்தார்கள். இணைப்பு ஆறியதும் அதன் மேல் தன் நிறத்தில் ஒரு பொட்டு வைத்துவிட வேண்டும். பின்னால் ஏதாவது கோளாறு என்றால் யார் கை என்று தெரிய வேண்டுமல்லவா? புஷ்பவல்லியின் நிறம் சிவப்பு. அந்த வழக்கத்தைக் கொண்டுவந்தவளும் அவளே. தன் வாயால் கெட்ட தவளை என்று ஜெஸிந்தா சொல்லியிருப்பாள். அன்றைக்குத் துணிவு வரவில்லை.

ஊரெல்லாம் நிலாவில் மனுஷன் நடந்த கதையையே பேசிக்கொண்டிருந்த வருஷத்தின் ஐப்பசி மாதம் அது. ஊட்டியில் காந்தலைத் தாண்டிப் போனால் ஒரு மலைச்சரிவு. அங்கேதான் ரேடியோ தொலைநோக்கி கட்டிக்கொண்டிருந்தார்கள். காந்தல்காரர்கள் அதற்கு வைத்த பெயர் கம்பிக்கொட்டாய். கொட்டாயா அது! அரைக் கிலோமீட்டர் நீளம். வடக்கு தெற்காக இருபத்து நான்கு இரும்புச் சட்டங்கள், அவற்றின் மேல் ஆயிரத்து நூறு எவர்சில்வர் கம்பிகள். தூர நின்று பார்த்தால் நெடுக்காகப் பிளந்த ஒரு பெரிய மூங்கிலை மலை மேல் சாய்த்து வைத்த மாதிரி இருக்கும். பூமி எந்த அச்சில் சுற்றுகிறதோ அதற்கு இணையாக இந்த மூங்கில் படுத்திருக்க வேண்டும். சமவெளியில் என்றால் அதைத் தூக்கி நிறுத்தியே சொத்து அழிந்துவிடும். இங்கே மலையே பதினோரு டிகிரி சாய்வில், சரியாக வடக்கு தெற்காகக் கிடந்தது. நாட்டில் தேடாத மலையெல்லாம் தேடிக் கடைசியில் இந்தச் சரிவைக் கண்டுபிடித்த அன்று, அளந்தவர்கள் ரெண்டு தடவை அளந்துவிட்டு மூன்றாம் தடவை வாயைப் பிளந்தார்களாம்.

வானத்திலிருந்து வருகிற ரேடியோ அலைகளை அந்தக் கம்பிகள் நடுவில் ஓடும் ஒரு நீளத் தண்டில் குவிக்கும். முப்பதடி உயரத்தில் அந்தத் தண்டு. அதில் சின்னச் சின்ன ஏரியல்கள். நாற்பத்தெட்டு ஏரியல் சேர்ந்தால் ஒரு பகுதி. தெற்குப் பாதி முடிந்து பதினொரு பகுதி தயார். வடக்குப் பாதி இன்னும் வெறும் சட்டமாக நின்றது. கீழே கட்டுப்பாட்டு அறையில் ஒரு பகுதிக்கு ஒரு பேனா வீதம் பதினொரு பேனா, ஓடுகிற காகிதத்தில் கோடு இழுத்துக்கொண்டே இருக்கும். பன்னிரண்டாவது பேனா பதினொன்றையும் கூட்டி எழுதும். அந்த ஏரியல்களில் ஒவ்வொரு இணைப்பும் இந்த எட்டுப் பெண்களின் கை. ஒருத்திகூடக் காலேஜ் வாசலை மிதித்ததில்லை. புஷ்பவல்லி தொழில் படித்தது காந்தலில் கணவன் பாலனின் ரேடியோ ரிப்பேர்க் கடையில். கடைப் பலகையில் பேர் பாலன். உள்ளே உட்கார்ந்து பற்றவைத்தது இவள். ஊருக்கே தெரிந்த ரகசியம் அது, பாலனும் மறுத்ததில்லை.

இப்போது அவள் கோபத்துக்கு வருவோம். வெள்ளிக்கிழமை காலை பதினொன்று பதினேழுக்கு நிலா ஒரு நட்சத்திர மண்டலத்தை மறைக்கப் போகிறது. பகலில்தான். கண்ணுக்குத் தெரியாத அந்த மண்டலம் ரேடியோ அலை மட்டும் வீசிக்கொண்டிருக்கிறது. நிலா அதன் மேல் ஏறுகிற நொடியைப் பேனா பிடித்துவிட்டால், அது வானத்தில் எங்கே இருக்கிறது, எவ்வளவு பெரிது என்று கணக்குப் போட்டுவிடலாம். தப்பவிட்டால் நிலா மறுபடி அந்த வழியாக வரப் பல வருஷம் ஆகும். அலையோ மிகமிக மங்கல். பதினொரு பகுதியும் உயிரோடு இருந்தால்தான் தெரியும். அதைப் பார்க்க மூன்று பேர் கொண்ட கமிட்டி வியாழக்கிழமையே ஊட்டிக்கு வந்து இறங்கிவிட்டது.

வியாழன் சாயங்காலம் கமிட்டித் தலைவர் சால்டரிங் ஷெட்டுக்கே வந்தார். கும்பகோணத்துப் பக்கத்து மனுஷர், தலை முழுக்க வெள்ளை, வார்த்தையை அளந்து விடுகிறவர். சிவப்புப் பொட்டையும் நீலப் பொட்டையும் கண்ணாடியைத் தூக்கிவிட்டுப் பார்த்தார்.

"வேலை அழகா இருக்கு. ஆனா ஏழு பேசலையே" என்றார். "பதினொண்ணுல ஒண்ணு ஊமைன்னா வடக்குப் பாதியை எப்படி இதே கைல குடுக்கறது? மலைக்குக் கீழே ஒரு கம்பெனி செஞ்சு தரேங்கறான். நாளைக்கு மத்தியானம் முடிவு பண்ணிடலாம்."

அவர் போன பிறகு தபித்தாள் என்ற சின்னவள் முந்தானையை வாயில் திணித்துக்கொண்டு விசும்பினாள். எஸ்டேட்டில் கொழுந்து பறித்து முதுகு ஒடிந்து, இந்த மேசையில் வந்து உட்கார்ந்து ஆறு மாதம்தான் ஆகிறது அவளுக்கு. புஷ்பவல்லி எழுந்து போய் அவள் தலையில் ஒரு குட்டு வைத்தாள்.

"அழுவாதே. நம்ம பத்தவெப்பு போகாது. போயிருந்தா நானே சொல்லிருப்பேன்."

சொல்லிவிட்டாளே தவிர, அன்று இரவு ஏழாம் பகுதியின் சிவப்புப் பொட்டுகளை மனசுக்குள் ஒவ்வொன்றாகத் தொட்டுப் பார்த்துக்கொண்டே கிடந்தாள். யானைக்கும் அடி சறுக்கும். தன் கை சறுக்கியிருந்தால்? எட்டுக் குடும்பத்தின் சோறு அது. அதைவிட, ஒரு நாட்டின் தொலைநோக்கி தன் சிவப்புப் பொட்டால் ஊமையாகிப்போச்சு என்று எழுதி வைத்துவிடுவார்களே. அந்த நினைப்புத்தான் அவளைக் கொன்றது.

வெள்ளிக்கிழமை விடிந்தபோது, மூன்று நாளாக மலையை மூடிக் கிடந்த மூடுபனி துடைத்துப் போட்டாற்போல் விலகியிருந்தது. புஷ்பவல்லியும் ஜெஸிந்தாவும் முதல் பஸ்ஸிலேயே வந்து இறங்கினார்கள். ஏறு வெயில் தொலைநோக்கியின் மேல் நேராக அடித்தது. ஒவ்வொரு பகுதியின் அடியிலும் ஒரு வெள்ளைப் பிளாஸ்டிக் வளையம் உண்டு. நாற்பத்தெட்டு ஏரியலும் சேகரித்ததைக் கீழே கொண்டுவருகிற ஒயர், இரும்புச் சட்டத்தில் படாமல் அந்த வளையத்துக்குள் புகுந்து வரும். பட்டால் போச்சு, எல்லாம் சட்டத்தோடு இறங்கிவிடும். புஷ்பவல்லி நடந்துகொண்டே வளையங்களை எண்ணினாள். பத்துத்தான் வந்தது. நின்று மறுபடி எண்ணினாள். ஆறாவது வெள்ளை, எட்டாவது வெள்ளை. ஏழாவது இடத்தில் வெள்ளை இல்லை. சட்டத்தின் வெள்ளி நிறமே அங்கேயும் தொடர்ந்து போயிருந்தது.

"ஏணியப் புடி ஜெஸிந்தா."

"என்னங்க்கா?"

"புடின்னா புடியேன்!"

மேலே ஏறிப் பக்கத்தில் பார்த்தாள். கட்டை விரல் அகலத்தில் ஒரு சாண் நீளச் செம்புப் பட்டை. ஒயரிலிருந்து வளையத்தைத் தாண்டிச் சட்டத்துக்குப் பாலம் போட்டது போல் இறுகக் கட்டியிருந்தது. அதன் மேல் துணி நாடா, அதன் மேல் அலுமினியப் பெயிண்ட். மூடுபனியில் ஏறிப் பார்த்த எஞ்சினீயர் கண்ணுக்கு அது சட்டமாகவே தெரிந்ததில் அதிசயமில்லை. நாற்பத்தெட்டு ஏரியலின் அலையும் வானத்திலிருந்து வந்து இந்த ஒரு சாண் செம்பு வழியாக இரும்பில் இறங்கி மண்ணுக்குப் போய்க்கொண்டிருந்தது. பழி ஓரிடம், பாவம் ஓரிடம். "அடப்பாவி, எவன்டா!" என்று வாய் வரைக்கும் வந்துவிட்டது.

அப்புறம்தான் அவள் அந்தக் கட்டு போட்டிருந்த விதத்தைப் பார்த்தாள். பட்டையின் முனைகள் உள்ளே மடங்கி, மெழுகு போட்ட நூலால் மூன்று சுற்றுச் சுற்றி, நூல் முனையும் வெளியே தெரியாமல் செருகியிருந்தது. வாயில் வந்த வசவு அப்படியே உள்ளே போய்விட்டது. இந்த மலை முழுக்கத் தேடினாலும் இப்படிக் கட்டுகிற கை ஒன்றே ஒன்றுதான். அவளுடைய அண்ணன் ஏகநாதன்.

ஏகநாதன் பதினாறு வருஷம் வெடிமருந்துத் தொழிற்சாலையில் எலக்ட்ரீஷியன். இங்கே வந்து எட்டு மாதம். அங்கே மருந்துக் கட்டிடத்துக்குள் போகிறவன் செருப்பில் ஆணி இருக்கக் கூடாது, பையில் தீப்பெட்டி இருக்கக் கூடாது. உள்ளே இருக்கிற எந்த உலோகத் துண்டும் தனியாக இருக்கக் கூடாது. எல்லாவற்றுக்கும் செம்புப் பட்டை போட்டு மண்ணோடு பிணைத்துவிட வேண்டும். கூரான முனை வெளியே தெரிந்தால் அங்கேதான் பொறி பிறக்கும். பதினாறு வருஷத்தில் தன் கட்டிடத்தில் ஒரு பொறிகூடப் பறக்கவிடாதவர் அவர். அந்தப் பெருமையில் கொஞ்சம் அதிகமாகவே திளைத்தவரும்கூட. தன் வீட்டு வாசலிலேயே தகரக் கதவைத் தொட்டு உடம்பின் மின்சாரத்தை இறக்கிவிட்டுத்தான் உள்ளே நுழைவார். அண்ணி தலையில் அடித்துக்கொள்வாள். அப்படிப்பட்டவர் கண்ணில், இரும்புக்குப் பக்கத்தில் ஒரு ஒயர் வெள்ளைப் பிளாஸ்டிக்கைப் போர்த்திக்கொண்டு எதிலும் ஒட்டாமல் தனியாக நின்றால் எப்படி இருக்கும்!

திங்கள்கிழமை சாயங்காலம் அவளுக்கு இப்போது ஞாபகம் வந்தது. இதே ஏணியில், இதே ஏழாம் பகுதியில், கடைசி ரெண்டு இணைப்பை முடித்துக்கொண்டிருந்தாள். ஐப்பசி இடி அவலாஞ்சிப் பக்கமிருந்து உருண்டு வந்தது. கீழே ஏணியைப் பிடித்திருந்த ஏகநாதன் முகம் வெளுத்துக் கத்தினார். "எறங்கு அம்மிணி! எறங்குன்னு சொல்றனல்லோ!" இவள் சிரித்துக்கொண்டே, "ரெண்டே ஜாயிண்ட்டுங்ண்ணா" என்றாள். முடித்துவிட்டுத்தான் இறங்கினாள். தங்கச்சி ஏறுகிற இடம் பத்திரமாக இருக்கட்டும் என்று, இவள் பஸ் ஏறிய பிறகு அவர் தனியாக ஏறிக் கட்டியிருக்கிறார். மறுநாள் விடியற்காலை மச்சினன் கல்யாணத்துக்குக் காரமடை போய்விட்டார். பிள்ளையார் பிடிக்கப் போனது இப்படிக் குரங்காகிவிட்டது.

ஏணியின் உச்சியில் நின்று புஷ்பவல்லிக்கு அழுகை வந்தது. கோபமா பாசமா என்று அவளுக்கே தெரியவில்லை. ரெண்டும்தான்.

கீழேயிருந்து ஜெஸிந்தா விடவில்லை. புஷ்பவல்லி ரெண்டே வார்த்தையில் சொன்னாள். ஜெஸிந்தா சிலுவை போட்டுக்கொண்டாள்.

"மாதாவே! லைன்ல கை வெச்சா அன்னிக்கே சீட்டுக் கிழிப்பாங்களே! அண்ணன் பர்மனென்ட் வேலைய உட்டுப்போட்டு வந்தவருங்க்கா. அறுத்து மடியில கட்டிக்கிட்டு எறங்குங்க. ஆருக்குத் தெரியப் போகுது? பேனா எழுதும், எல்லாரும் ஊடு போய்ச் சேரலாம்."

நல்ல யோசனைதான். ஒரு நிமிஷம் புஷ்பவல்லியின் கை கட்டரைத் தேடிப் போனது. ஆனால் அவள் தொழில் தெரிந்தவள். ஒன்றும் செய்யாமல் ஏழாவது பேனா தானாக உயிர் பெற்றால் எஞ்சினீயர் என்ன எழுதுவார்? லூஸ் இணைப்பு, வந்து வந்து போகிறது என்று எழுதுவார். அடியோடு செத்த இணைப்பையாவது மன்னிப்பார்கள். வந்து போகிற இணைப்பை எவனும் மன்னிக்க மாட்டான். அந்த ஒரு வார்த்தையோடு வடக்குப் பாதி மலையிறங்கிப் போய்விடும், தபித்தாள் மறுபடி கூடையைத் தூக்க வேண்டியதுதான். சொன்னால் அண்ணன் வேலை. சொல்லாவிட்டால் எட்டுப் பேர் வேலை. நடுவில் ஏணி.

பட்டையை அறுத்தாள். நூல் கட்டை அவிழ்க்காமல் முழுசாக எடுத்தாள். அதை மடியில் கட்டவில்லை, கையில் பிடித்துக்கொண்டு எல்லார் கண்ணிலும் படும்படி கட்டுப்பாட்டு அறைக்கு நடந்தாள்.

உள்ளே ஏழாவது பேனா மற்றப் பத்தோடும் சேர்ந்து நடுங்கி நடுங்கிக் கோடு இழுத்துக்கொண்டிருந்தது. தேவநேசன் குழந்தை மாதிரி துள்ளினார். "வந்துட்டும்மா! ஏழு வந்துட்டு! என்ன செஞ்சீங்க?" புஷ்பவல்லி பட்டையை அவர் மேசையில் வைத்தாள். இது எங்கே இருந்தது என்று சொன்னாள். அவர் முகம் மாறிவிட்டது.

"எவன் கட்டுனான் இதை?"

"எங்க இருந்துச்சுன்னு சொல்லிட்டனுங்க சார். கட்டுனவரு பேர நாஞ் சொல்ல மாட்டனுங்க."

"தெரியும், சொல்ல மாட்டீங்க, அப்படித்தானே? கேளுங்கம்மா, கமிட்டி என்ன சொல்லும் தெரியுமா? பொம்பளைங்க தங்களோட சால்டரை மறைக்க இவங்களே ஒரு பட்டையைக் கொண்டாந்து வச்சு நாடகம் ஆடுதாங்கன்னு சொல்லும். பேரு இல்லாட்டா நான் எப்படி உங்களுக்காகப் பேச?"

அறை மூலையில் நாற்காலியில் உட்கார்ந்திருந்த கமிட்டித் தலைவர் அப்போதுதான் தலை நிமிர்ந்தார். புஷ்பவல்லி அவர் பக்கம் திரும்பினாள்.

"பன்னெண்டரை பஸ்ஸுல அவரு வருவாருங்க. வந்து அவரு வாயாலயே சொல்லுவாரு. ஒளியற ஆளு இல்லீங்க."

"சொல்லலேன்னா?" என்றார் தலைவர்.

"சொல்லலீன்னா என்ற கைதான் கெட்டதுன்னு எழுதிக்குங்க. வடக்குப் பாதியக் கீழ குடுத்துருங்க. நான் ஒரு வார்த்தை கேக்க மாட்டனுங்க."

சொல்லி முடித்த பிறகுதான், எட்டுப் பேர் பிழைப்பையும் அண்ணன் நாக்கின் மேல் வைத்துவிட்டோம் என்று அவளுக்கு உறைத்தது. வேலைக்கு வந்து வாசலில் கூடியிருந்த ஏழு பேரையும் திரும்பிப் பார்த்தாள். தபித்தாள்தான் முதலில் சம்மதமாகத் தலையை ஆட்டினாள்.

பதினொரு மணிக்கு மூடுபனி மறுபடி ஏறி வந்து சரிவை மூடிக்கொண்டது. நிலா எங்கே, வானம் எங்கே, ஒன்றும் தெரியவில்லை. கமிட்டியில் ஒருவர் ஜன்னலில் எட்டிப் பார்த்து உதட்டைப் பிதுக்கினார். "மூடுபனி நம்ம கண்ணுக்குத்தான் சார். அதுக்கு இல்லை" என்றார் தேவநேசன், பேனாக்களைக் காட்டி. பெண்களை வெளியே போகச் சொல்லவில்லை. எட்டுப் பேரும் சுவரோடு சுவராக நின்றார்கள்.

பதினொன்று பதினாறு. பன்னிரண்டாவது பேனா, எல்லாவற்றையும் கூட்டி எழுதுகிற பெரிய பேனா, காகிதத்தின் மேல் பக்கம் சீராகப் போய்க்கொண்டிருந்தது. தேவநேசன் நொடியைச் சத்தமாக எண்ணினார். பதினேழு ஆனது. ஒன்றுமில்லை. இன்னும் ஒரு நொடி, இரண்டு நொடி. புஷ்பவல்லி முருகனைக் கூப்பிட்டாள், ஜெஸிந்தா மாதாவைக் கூப்பிட்டாள். பேனா சட்டென்று ஒரு படி இறங்கியது! கொஞ்சம் ஆடி, அங்கேயே நிலைத்துக் கீழ்க் கோடாக ஓடத் தொடங்கியது. கோடி கோடி மைலுக்கு அப்பால் ஏதோ ஒன்று அனுப்பிக்கொண்டிருந்ததை நிலா வந்து மறைத்துவிட்டது. அதை இந்த மலைச்சரிவு, மூடுபனிக்குள் உட்கார்ந்துகொண்டு, நொடி பிசகாமல் பிடித்துவிட்டது.

தேவநேசன் "வந்துட்டு! வந்துட்டு!" என்று மேசையை அறைந்தார். கமிட்டிக்காரர்கள் எழுந்து நின்று கை தட்டினார்கள். புஷ்பவல்லிக்குக் காகிதம் கண்ணீரில் மங்கிப்போனது. அந்தப் படியில் தன் சிவப்புப் பொட்டும் இருக்கிறது, ஜெஸிந்தாவின் நீலமும் தபித்தாளின் மஞ்சளும் இருக்கிறது. அது பெருமை இல்லாமல் என்ன? காந்தல் ரேடியோக் கடையில் உட்கார்ந்து கொழும்பு வானொலி பிடிக்க வைத்த கை அது.

பெருமை ஒரு மணி நேரம்தான் தாங்கியது. பன்னிரண்டரை பஸ் வந்து நின்ற சத்தம் கேட்டதும் அவள் வாசலைப் பார்த்துத் திரும்பினாள்.

ஏகநாதன் மஞ்சள் பையில் கல்யாண லட்டோடு, நெற்றியில் சந்தனம் கலையாமல் வந்தார். அறை வாசலில் இரும்புக் கைப்பிடியைத் தொட்டுவிட்டு உள்ளே காலை வைத்தார். எல்லாரும் தன்னையே பார்ப்பதைப் பார்த்து அசடு வழியச் சிரித்தார். தங்கையைப் பார்த்தார். அவள் கண்ணால்கூட ஒரு ஜாடை காட்டவில்லை. தரையைப் பார்த்துக்கொண்டு நின்றாள். தேவநேசன் மேசையிலிருந்த செம்புப் பட்டையைத் தூக்கிக் காட்டினார்.

"இது யாருதுன்னு தெரியுமா?"

ஏகநாதன் சிரிப்பு அப்படியே நின்றது. பையைக் கீழே வைத்தார். ரெண்டு எட்டில் மேசைக்கு வந்து பட்டையைப் பிடுங்கி அறுந்த முனையைப் பார்த்தார். முகம் ஜிவ்வென்று சிவந்துவிட்டது.

"எவனுங்க இத அறுத்தது?"

அறுந்த முனையை எல்லார் முகத்துக்கும் நேரே நீட்டினார்.

"அறிவிருக்குதுங்களா உங்களுக்கு? திங்கக்கெழம இடி எறங்கையில இதுக்குப் பக்கத்துல பொம்பளப் புள்ள நின்னுட்டு இருந்துச்சுங்க! என்ற தங்கச்சி! ஒத்த ஒயரு எர்த்தே இல்லாம அந்தரத்துல நிக்குது. நானே ஏறிக் கட்டினனுங்க, மழைக்குத் தாங்கோணும்னு பெயிண்ட்டும் அடிச்சேன். அத அறுத்துப் போட்டிருக்கறீங்களே, ஏதாச்சும் ஆயிருந்தா ஆருங்க பதில் சொல்றது?"

"அறுத்தது நாந்தானுங்ண்ணா" என்றாள் புஷ்பவல்லி.

அவர் திரும்பினார். அவள் பக்கத்தில் வந்து எல்லாவற்றையும் சொன்னாள். அந்த ஒயர் ஏன் தனியாக நிற்க வேண்டும், பட்டை என்ன செய்தது, மூன்று நாளாகப் பேனா ஏன் ஊமையாக இருந்தது, பழி யார் மேல் விழுந்தது என்று. ஏகநாதன் கேட்டுக்கொண்டே பக்கத்திலிருந்த ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டார். காகிதத்தில் அந்தப் படியைக் காட்டினாள். அவர் அதை விரலால் தொடப் போய், தொடாமல் கையை எடுத்துக்கொண்டார்.

"அத்தன தூரத்துல இருந்து வர்றத நான் ஒரு சாண் செம்புல அடைச்சுப் போட்டனா?" என்றார். பிறகு தங்கையை நிமிர்ந்து பார்த்தார். "மூணு நாளா உன்னையவா சொன்னாங்க அம்மிணி?"

அவர் எழுந்து கமிட்டித் தலைவர் முன்னால் போய்க் கைகட்டி நின்றார். "தப்பு என்ற மேலதானுங்க. இவ பத்தவெச்சா பத்தவெச்சதுதானுங்க, அதுக்கு எவனும் கொறை சொல்லப்படாது. என்ற சீட்டக் கிழிச்சுருங்க, போயர்றேன். ஆனா மறைச்சுக் கட்டலீங்க. செஞ்ச வேலைய அன்னிக்கே புஸ்தகத்துல எழுதி வெச்சனுங்க."

"என்ன புஸ்தகம்?" என்றார் தலைவர்.

அதுவும் தொழிற்சாலைப் பழக்கம்தான். ஜெனரேட்டர் ஷெட்டில் ஒரு ஆணியில் தொங்கியது அந்த நோட்டு. தபித்தாள் ஓடிப்போய் எடுத்து வந்தாள். திங்கள்கிழமைப் பக்கத்தைத் தலைவர் சத்தமாகப் படித்தார். "மாலை 5.40. ஏழாம் பகுதி ஒயருக்கு எர்த் இல்லை. கொடுத்துவிட்டேன். மேலே ஆள் ஏறுகிறார்கள். ஏகநாதன்." அதற்குப் பக்கத்தில் எஞ்சினீயர் கையெழுத்துக்கு ஒரு கட்டம். அது காலி. முந்தின பக்கத்தைப் புரட்டினார், அதற்கு முந்தினதையும் புரட்டினார். எட்டு மாதத்துக்கும் கட்டம் காலி. தேவநேசன் காது வரைக்கும் சிவந்து போய்ச் சட்டைப் பொத்தானைத் திருகிக்கொண்டிருந்தார்.

"எழுதினவரை வீட்டுக்கு அனுப்பினா, படிக்காதவரை எங்கே அனுப்பறது?" என்றார் தலைவர், யாரையும் பார்க்காமல். நோட்டை மூடித் தேவநேசன் கையில் கொடுத்தார். "கட்டின இடந்தான் தப்பு. பயம் தப்பில்லை. ஏணிக்கும் நடைபாதைக்கும் நாம எர்த் போட்டிருக்கணும், போடலை." பிறகு புஷ்பவல்லி பக்கம் திரும்பி, ஏதோ காய்கறி விலை கேட்கிற மாதிரிக் கேட்டார். "வடக்குப் பாதிக்கு ஈயம் எவ்வளவு வேணும்மா? திங்கக்கிழமைக்குள்ள எழுதிக் குடுத்துடு."

வாசலில் ஜெஸிந்தா தபித்தாளைக் கட்டிப் பிடித்துத் தூக்கிவிட்டாள். எஞ்சினீயர் தேவநேசன் முதல் லட்டை எடுத்து ஏகநாதன் வாயிலேயே வைத்தார். இதற்கு மேல் என்ன பெருமை வேண்டும், நீங்களே சொல்லுங்கள்!

எல்லாரும் கலைந்த பிறகும் ஏகநாதன் அறுந்த பட்டையைக் கையில் வைத்துக்கொண்டு தொலைநோக்கியின் அடியில் நின்றார். மேற்கே மறுபடி கருக்கிக்கொண்டு வந்தது. தங்கை பக்கத்தில் வந்ததும் தயங்கித் தயங்கிக் கேட்டார்.

"அப்ப, இனி நீ மேல ஏறையில எர்த் வேண்டாங்கறயா அம்மிணி?"

"வேணும்ங்ண்ணா. எங்கன்னு நாஞ் சொல்றேன். அங்க கட்டுங்க."

அவள் முன்னால் நடந்தாள். அவர் கருவிப் பையைத் தோளில் போட்டுக்கொண்டு பின்னால் போனார். ஏணியின் அடியில் அவள் ஒரு இடத்தை விரலால் தொட்டுக் காட்டினாள். பதினாறு வருஷம் தனக்குத் தெரிந்த இடத்தில் மட்டுமே கட்டிய அந்த மனுஷர் மண்டியிட்டு உட்கார்ந்து, "இங்கயா?" என்று ஒரு தடவை கேட்டு நிச்சயம் செய்துகொண்டு, கட்டினார்.